பகிரப்பட்ட நூலகத்தை நான் ஏன் அழித்தேன்

சேவூர், ஆரணி
வெள்ளிக்கிழமை

மதிப்புக்குரிய மாப்பிள்ளை இளஞ்செழியன் அவர்களுக்கு,

மாமனார் தனகோடி எழுதுவது. இங்கே எனக்கும் உங்கள் அத்தை லீலாவுக்கும் உடம்பில் ஒரு குறையும் இல்லை. ஓசூரில் நீங்களும் கீதாவும் அப்படியே இருப்பீர்கள் என்று நம்புகிறேன். நலம் விசாரித்தாகிவிட்டது, இனி குற்றச்சாட்டு. போனிலேயே சொல்லியிருக்கலாம். ஆனால் போனில் நான் மூன்று வார்த்தை பேசுவதற்குள் நீங்கள் “சரிங்க மாமா” என்றுவிடுகிறீர்கள். கடிதத்தில் அதற்கு இடமில்லை.

இரண்டு வருடத்துக்கு முன் உங்கள் பழைய கம்ப்யூட்டரைக் கொண்டுவந்து வைத்து, எல்லாவற்றையும் தமிழில் காட்டும்படி செய்து, டைரி எழுதும் சாப்ட்வேர் ஒன்றையும் போட்டு, “சாயக் குறிப்பெல்லாம் இதுல எழுதுங்க மாமா, தொலையவே தொலையாது” என்று சொன்னது நீங்கள். யாரிடமும் கேட்காமல் நாற்பது நாளில் நானே டைப் அடிக்கப் பழகினேன். தொட்டிக்குப் பக்கத்தில் நின்று நான் அளவு சொல்ல, லீலா சீட்டில் குறிப்பாள். சாயங்காலம் அதை டைரியில் ஏற்றிவிட்டு, சீட்டை அடுப்பில் போட்டுவிடுவேன். இன்ன நிறத்துக்கு இத்தனை கிராம், இவ்வளவு ஆசிட், இத்தனை நேரக் கொதி என்பது அந்த டைரியைத் தவிர உலகத்தில் வேறெங்கும் இல்லை. போன வாரம் டிஸ்கில் இடமில்லை என்று கம்ப்யூட்டர் சொன்னது. எதை எடுத்துப் போடலாம் என்று உள்ளே போய்ப் பார்த்தேன். ஓரிடத்தில் ‘பகிரப்பட்ட நூலகக் கோப்புகள்’ என்று இருந்தது.

நூலகம் என்றால் புத்தகம் வைக்கும் இடம் என்பது எனக்கும் தெரியும். ஆனால் ஐம்பது வருடமாகப் பட்டு நூலுக்குச் சாயம் போடுகிறவனுடைய கம்ப்யூட்டரில், நூல் குறிப்பைத் தவிர ஒன்றுமில்லாத டைரிக்குப் பக்கத்தில், அந்தச் சொல் இருந்தால் அவன் என்ன நினைப்பான்? நூல் இருக்கும் அகம். அதுவும் பகிரப்பட்டது. யாரோடு? போன மாதம் சைக்கிளில் போகும்போது அடுத்த தெருப் பச்சையப்பன் பட்டறையில் அரக்கு நூல் காய்ந்துகொண்டிருந்ததைப் பார்த்தேன். அது என் அரக்கு. பெற்ற பிள்ளையைப் போல எனக்கு அடையாளம் தெரியும். எப்படிப் போயிற்று என்று ஒரு மாதம் தவித்தவனுக்கு அன்றைக்குத்தான் வழி தெரிந்தது. நீக்கு என்றேன். கடவுச்சொல் கேட்டது, நீங்கள் எழுதிக் கொடுத்ததையே போட்டேன். ‘நீக்கினால் சில செயலிகள் இயங்காமல் போகலாம்’ என்றது. அகப்பட்ட திருடன் மிரட்டுவது போல்தான் பட்டது. பதினான்கு கோப்புகளையும் நீக்கி, குப்பைத் தொட்டியையும் காலி செய்துவிட்டுத்தான் காபி குடித்தேன்.

அன்று சாயங்காலம் டைரி திறக்கவில்லை. ‘பகிரப்பட்ட நூலகங்களை ஏற்றுவதில் பிழை. அப்படி ஒரு கோப்பு இல்லை’ என்றது. நான் தட்டியது டைரியை, அது தேடுவது நூலகத்தை. தன் வாயாலேயே ஒப்புக்கொண்டுவிட்டது. பஞ்சாங்கத்தைத் தட்டினேன், அதே புலம்பல். கீதா கல்யாணப் படங்களைத் தட்டினேன், அதே புலம்பல். எல்லாம் கூட்டு என்று முடிவு கட்டினேன்.

“இன்னாங்க பண்ணி வெச்சீங்க? நாளைக்கு ராகுகாலம் எப்போன்னுகூட பாக்க முடில” என்றாள் லீலா.

“வெள்ளிக்கிழமை பத்தரையிலேருந்து பன்னெண்டு. இதுக்கு எதுக்குடி கம்ப்யூட்டர்?”

“அப்போ உங்க அரக்கையும் அதே மாதிரி மனசுல வெச்சிகினு இருந்திருக்கலாமே.”

அங்கேதான் வினை. தெருக்கோடி இன்னாசியம்மாள், தன் மகள் ஜெசி கல்யாணத்துக்குத் தன் தறியிலேயே பட்டு நெய்துகொண்டிருக்கிறாள். உடல் முழுக்க என் அரக்கு. முந்தானைக்கு வருவதற்குள் குறுக்கே ஓட்டும் ஊடை நூல் தீர்ந்துவிட்டது. இன்னும் மூன்று சிட்டம் நூல் வேண்டும். நிறம் ஒரு துளி மாறினாலும் சேலைக்குக் குறுக்கே கோடு விழும். இருபத்தேழாம் தேதி மாதா கோயிலில் கல்யாணம். டைரி திறக்காததால், நிதானத்தை நம்பி ஒரு சிட்டம் போட்டுக் கொடுத்தேன். அவள் வெயிலில் தூக்கிப் பிடித்துப் பார்த்தாள்.

“இது அரக்காண்ணா? கத்திரிக்கா.”

“காஞ்சா மாறும்மா.”

“காஞ்சா காஞ்ச கத்திரிக்கா. மூணு நாளா தறி சும்மா நிக்கிது. மாப்ள வூட்டுக்காரங்க வேற சேல எங்க, சேல எங்கன்னு கேட்டுகினு கீறாங்க. ஒரே பேஜாரா கீதுண்ணா.”

அவள் அழவில்லை. அழுதிருந்தால் ஆறுதல் சொல்லி அனுப்பியிருப்பேன். அந்தச் சிட்டத்தை என் கையிலேயே வைத்துவிட்டுப் போனாள். பெட்டியைத் தூக்கிக்கொண்டு, பஸ் ஸ்டாண்டு பக்கம் கம்ப்யூட்டர் பழுது பார்க்கும் சுதாகரிடம் போனேன்.

“ஐயா, நூல் இல்லீங்க, இது லைப்ரரி. எழுத்த ஸ்கிரீன்ல காட்டணும், எழுதனத சேவ் பண்ணணும், இதெல்லாம் எல்லா சாப்ட்வேருக்கும் வேணும். ஒவ்வொருத்தரும் தனித்தனியா எழுதுவாங்களா? ஒருத்தர் எழுதிப் பொதுவுல வெச்சிருப்பாங்க, எல்லாம் அத்த எடுத்துக்கும்.”

“என் குறிப்பையும் எடுத்துக்குமா?”

“உங்க குறிப்பு அதுல இல்லவே இல்ல. அது உங்க போல்டர்ல பத்திரமா கீது. நீங்க தூக்கிப் போட்டது கைய. டைரிக்கு இப்போ கை இல்ல, அதான் தொறக்க முடில.”

“அப்போ ஒவ்வொண்ணுக்கும் தனிக் கை வெய்யி.”

“வெக்கலாம். ஒவ்வொண்ணும் குண்டாயி, உங்க டிஸ்க்கு அப்பவே ரொம்பியிருக்கும். கைல ஒரு கோளாறுன்னா பத்து எடத்துல சரி பண்ணணும். பொதுவுல இருந்தா ஒரே எடம். அர மணி நேரம் குடுங்க, திரும்பப் போட்டுத் தரேன்.”

யோசித்தேன். எங்கள் தெருவில் மூன்று பட்டறைக்கும் ஆழ்குழாய்க் கிணறு ஒன்றுதான். எவன் தொட்டியில் என்ன நிறம் என்பது கிணற்றுக்குத் தெரியாது. கிணற்றை மூடினால் மூன்று பட்டறையும் காயும். அந்த மட்டில் எனக்குப் புரிந்தது. ஆனால் கிணற்றை நாங்கள் யாரும் நூலகம் என்று சொல்வதில்லை. பெயர் வைத்தவன் செய்த தவறுக்கு நான் எப்படிப் பொறுப்பாவேன்? மாப்பிள்ளை வைத்ததில் வெளியாள் கை வைப்பது முறையில்லை என்று சொல்லிப் பெட்டியைத் திரும்பத் தூக்கி வந்துவிட்டேன். ஆகவே கடிதம் கண்டவுடன் தாங்களே நேரில் வந்து, எவனோடும் எதையும் பகிராத டைரி ஒன்றைப் போட்டுத் தர வேண்டியது. குண்டாக இருந்தாலும் பரவாயில்லை. பச்சையப்பனுக்கு என் அளவு எப்படிப் போயிற்று என்பதற்கும் தாங்களே பதில் சொல்ல வேண்டியது.

கீதாவை வேளைக்குச் சாப்பிடச் சொல்லவும். நீங்கள் இருவரும் எல்லா வளமும் பெற்று நீடு வாழ எங்கள் ஆசி. கோபம் உங்கள் மேல்தான், ஆசியில் குறைவில்லை.

இப்படிக்கு,
தனகோடி

பி.கு.: உறையை ஒட்டுவதற்குள் இன்னாசியம்மாள் வந்து கூப்பிட்டாள். போய்ப் பார்த்தால் தறி ஓடுகிறது. புது நூல் எங்கே சேர்ந்தது என்று கண்ணாடி போட்டுப் பார்த்தும் எனக்குத் தெரியவில்லை. “பச்சையப்பண்ணன் போட்டுக் குடுத்தாரு” என்றாள். வீட்டுக்கு வந்து லீலாவைப் பார்த்தேன். “இன்னாத்துக்கு மொறைக்கறீங்க? சீட்டு அடுப்புக்குப் போறதுக்கு முன்னாடி அவரு வூட்டம்மாகிட்ட நான்தான் சொன்னேன். அவங்க அதிரசப் பாகு சொன்னாங்க, நான் அரக்கு சொன்னேன்” என்றாள். எனவே மேலே உங்களைப் பற்றி எழுதியதை அடித்துவிட்டதாக வைத்துக்கொண்டு படிக்கவும். திரும்ப எழுத எனக்குப் பொறுமையில்லை. பகிரும் டைரியே போதும், சுதாகரை நாளைக்கே வரச் சொல்லிவிட்டேன். ஜல்தியாகத் திறக்க வேண்டியிருக்கிறது. ஆசிட்டைப் பச்சையப்பன் இரண்டு தடவையாகப் பிரித்து ஊற்றுகிறானாம். நான் ஒன்றரை மணி நேரம் கொதிக்கவிடுவதை முக்கால் மணியில் முடிக்கிறான். அதை என் அரக்குக் குறிப்பில் திருத்த வேண்டும். யார் சொன்னது என்று எழுதப் போவதில்லை.