ஒரே ஆலயத்தில் இரண்டு அசரியா

அன்புள்ள மச்சான் நிரஞ்சன் அவர்களுக்கு,

கர்த்தருடைய கிருபையால் ஹட்டனில் நீங்களும் தங்கச்சியும் பிள்ளைகளும் சுகமாயிருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே நான் சுகமாயில்லை.

நீங்கள் சபைக் கமிட்டியில் இருப்பதால் கேட்கிறேன். எங்கள் தோட்டத்து உபதேசியார் அசரியாவை வேறு தோட்டத்துக்கு மாற்றிவிடுங்கள். ஒரு ஆலயத்துக்கு ஒரு அசரியா போதும். நாங்கள் இருவரும் ஒரே லயத்தில் அடுத்தடுத்த வீட்டில், ஒரே மாதத்தில் பிறந்தவர்கள். என் அப்பா, வேதத்தில் ஐம்பத்திரண்டு வருஷம் ஆண்ட அசரியா ராஜாவை நினைத்து எனக்குப் பெயர் வைத்தார். உபதேசியாருடைய அப்பா அசரியா என்ற ஆசாரியனை நினைத்து வைத்தார். நான் கணக்கப்பிள்ளையாகி முப்பது வருஷம் தேயிலை மலையில் ஆட்களை வேலை வாங்கினேன், அவர் உபதேசியாரானார். அதுவரை சரிதான்.

போன ஞாயிறு அறுப்பின் பண்டிகை. அதற்கென்றே காலையில் தலைக்கு டை அடித்துக்கொண்டேன். மஸ்கெலியாவுக்குப் போன உபதேசியார் வரவில்லை, வழியில் மண் சரிந்து பஸ் நின்றுவிட்டதாம். சனங்கள் பூசணிக்காயும் கீரையும் வைத்துக்கொண்டு ஒரு மணி நேரம் காத்திருந்தார்கள். காலையில் ஆள் கூட்டி வேலை பிரிக்கும் பெரட்டுக்களத்தில் முந்நூறு பேருக்கு முன்னால் பேசியவனுக்கு இது என்ன பெரிய காரியம் என்று நானே பீடத்தில் ஏறி, காணிக்கைகளை ஆசீர்வதிக்கக் கையைத் தூக்கினேன். அந்த நேரம் பார்த்து அவர் நனைந்துபோய் உள்ளே வந்தார்.

"அது உங்க வேலை இல்லீங்க கணக்கப்பிள்ளை, எறங்கி வாங்க" என்றார்.

நானும் அசரியாதான் என்றேன்.

"ஆமாங்க. அந்த அசரியா ராஜாவும் இப்படித்தான் ஆசாரியன் வேலைய எடுத்துக்கிட்டு ஆலயத்துல தூபங்காட்டப் போனாரு. அவர மறிச்ச ஆசாரியன் பேரும் அசரியாதான்."

சபை முழுக்கக் கேட்டது.

அந்த ராஜாவுக்கு உடனே நெற்றியில் குஷ்டம் கண்டது என்று ஞாயிறு பாடசாலைப் பிள்ளைகள் எல்லாருக்கும் தெரியும். நான் வீடு வருவதற்குள் என் நெற்றி எரியத் தொடங்கி, சாயந்தரம் தடித்துச் சிவந்து கண் வரைக்கும் இறங்கிவிட்டது. டை ஒத்துக்கொள்ளவில்லை என்று டாக்டர் சொல்கிறார். பிள்ளைகள் ஜன்னல் வழியே எட்டிப் பார்த்துவிட்டு ஓடுகிறார்கள். அவர்களுக்கு எந்த டாக்டர் விளங்கப்படுத்துவது?

அந்த ராஜா சாகும்வரை தனி வீட்டில் இருந்தாராம். உங்கள் அக்கா கர்த்தரிடம் போனபிறகு நானும் அப்படித்தான். படுத்தபடியே யோசித்தேன். அந்த ராஜா கோபுரம் கட்டினவர், கிணறு வெட்டினவர், பயிர்பச்சை மேல் ஆசையுள்ளவர். நாடெல்லாம் அவர் சொன்னபடி நடக்க, ஆலயம் என்ற அந்த ஒரு இடத்தில் மட்டும் அவருக்கு வேலை இல்லை. அது எப்படி உறுத்தும் என்று ஓய்வுபெற்றவனுக்குத் தெரியும். அசரியா என்றால் கர்த்தர் உதவினார் என்று அர்த்தமாம். இரண்டு அசரியா நேருக்கு நேர் நின்றபோது கர்த்தர் யாருக்கு உதவினார்? ஆசாரியனுக்கு என்றுதான் இத்தனை காலமும் நினைத்திருந்தேன். மறித்து நிறுத்தியதே ராஜாவுக்குச் செய்த உதவியாகவும் இருக்கலாம் என்று இப்போது தோன்றுகிறது.

உபதேசியார் நான்கு நாளாகக் கஞ்சி கொண்டுவந்து தருகிறார் என்பதையும் நியாயத்துக்காகச் சொல்லிவிடுகிறேன். ஆனாலும் அவரை மாற்றத்தான் வேண்டும்.

பிள்ளைகளுக்கு என் ஆசீர்வாதம். அதைக் கொடுக்க எனக்கு யாருடைய அனுமதியும் தேவையில்லை.

இப்படிக்கு,
உங்கள் மச்சான்,
அசரியா,
ஓய்வுபெற்ற கணக்கப்பிள்ளை

பி.கு: ஐயா, கணக்கப்பிள்ளைக்குக் கண் திறக்க முடியாததால், அவர் சொல்லச் சொல்ல இதை எழுதியவன் நான்தான். என்னை மாற்றச் சொன்ன இடத்தில் பேனா நின்றது. "ஒரு எழுத்தும் விடாம எழுதுங்க" என்றார். முழுவதையும் வாசித்துக் காட்டினேன். அந்த இடத்தை வெட்டச் சொன்னார். நான் வெட்டவில்லை, நீங்களும் கொஞ்சம் சிரிக்க வேண்டாமா? கண் சரியானதும் ஆலயத்தில் வேதபாடம் வாசிக்க வரச் சொல்லியிருக்கிறேன். எந்தப் பாடம் என்று கேட்கிறார்.

இப்படிக்கு,
மற்ற அசரியா