வயிற்றுப் பிள்ளைக்குப் பேர் வைத்த சாமி

ஜப்பான்காரன் குண்டு போடுவான் என்று சென்னைப் பட்டணம் காலியான வருஷத்தில்தான் ஓலைச்சாமி திருத்தணிக்கு வந்து இறங்கியது. குண்டுக்குப் பயந்து ரயிலேறிய சாமிதான். ஆனாலும் பிறக்கப்போகிற பிள்ளைகளைப் பற்றி அதற்கு எல்லாம் தெரியும் என்று ஊர் நம்பியது.

கிருத்திகை வந்தால் மலையடிவாரத்தில் நிற்க இடமிருக்காது. கர்ப்பிணியின் கையில் சாமி அரக்கு வைத்த ஓலைச்சுருள் ஒன்றைக் கொடுக்கும். உள்ளே பிள்ளையின் பேர் இருக்கிறதாம். பிறக்குமுன் பிரித்தால் கரு கலைந்துவிடுமாம். பிறந்தபின் கொண்டுபோனால், "என்ன குழந்தை?" என்று போகிறபோக்கில் விசாரித்துவிட்டுப் பிரிக்கும். 'மணி' என்றிருக்கும். ஆண் என்றால் அது சுப்பிரமணியிலிருந்து வந்த பேர். பெண் என்றால் வள்ளியம்மை கழுத்துப் பாசிமணியிலிருந்து வந்த பேர். கூட்டம் கன்னத்தில் போட்டுக்கொள்ளும். படித்த ஓலை அப்போதே குளத்துக்குள் போய்விடும். முருகன் ஊரில் மணிகள் பெருகினால் யாருக்குச் சந்தேகம் வரும்?

மருத்துவச்சி எல்லம்மாளுக்கு வந்தது. பக்கத்து ஊரான பொதட்டூர்பேட்டையில் அந்த வருஷம் அவள் கையில் பிறந்தவை பதினோரு பிள்ளைகள். ஒன்பது பேர் மணி. சந்தேகம் கோபமானது நெசவாளி துளசிங்கத்தால். மூன்றும் பெண்ணாகப் பெற்ற அவன் மனைவி ஜெயம்மாள் நாலாவதைச் சுமந்துகொண்டிருந்தாள். ஓலையில் இருப்பதை ஆண் பிள்ளையாக மாற்ற ஒரு பூஜை இருக்கிறது என்று சாமி சொல்லிவிட்டது. அதற்காக வீட்டிலிருந்த ஒரே தறியை விற்க ஆள் பேசிவிட்டான்.

"தறி போச்சின்னா இன்னாத்தத் தின்னுவ நைனா?" என்றாள் எல்லம்மாள்.

"ஆம்பளப் புள்ள பொறந்தா சம்பாரிப்பான்."

"பொறந்த அன்னிக்கேவா?"

அடுத்த கிருத்திகைக்கு, ஏற்கெனவே ஓலை வாங்கியிருந்த உள்ளூர்க்காரன் பெருமாளின் பதினாறு நாள் பிள்ளையைக் கழுத்துவரை துணியில் சுற்றித் தானே தூக்கிக்கொண்டு போனாள். வாய் திறக்கக் கூடாது என்று பெருமாளுக்குக் கட்டளை. துளசிங்கமும் ஜெயம்மாளும் கூட வந்தார்கள்.

"என்ன குழந்தை?" என்றது சாமி.

"அத ஓலை சொல்லட்டும் சாமி. பொறக்கறதுக்கு முன்னயே தெரிஞ்ச ஓலைதானே?"

சாமி பெருமாளைப் பார்த்தது. அவன் தரையைப் பார்த்தான். எல்லம்மாளோ முகத்தைத் தொங்கப் போட்டிருந்தாள். மருத்துவச்சி முகம் தொங்கினால் என்ன பிறந்திருக்கும் என்பது ஊரறிந்த ஞானம். சாமிக்கு அது போதும்; ஓலையைப் பிரித்தது.

"மணி. வள்ளியம்மை கழுத்துப் பாசிமணி. மகாலட்சுமி வந்திருக்கிறாள்."

எல்லம்மாள் துணியை விலக்கினாள். மகாலட்சுமி நேராகச் சாமியின் விபூதித் தட்டில் மூத்திரம் பெய்தான்.

சாமி அவசரமாகச் சுப்பிரமணிக்குத் தாவுவதற்குள், மூன்றாம் வகுப்பு வரை படித்த ஜெயம்மாள் தன் ஓலையின் அரக்கை உடைத்தாள்.

"வேணாம்டி, கரு கலைஞ்சிடும்," என்று துளசிங்கம் கையைப் பிடித்தான். அவள் உதறிவிட்டுப் படித்தாள். மணி. பக்கத்திலிருந்த கர்ப்பிணிகள் தங்கள் ஓலைகளை உடைத்து அவளிடம் நீட்டினார்கள். அத்தனையும் மணி. எந்தக் கருவுக்கும் ஒன்றும் ஆகவில்லை. சாமிதான் ரேணிகுண்டா ரயிலைத் தேடி ஓடியது.

இத்தோடு ஊருக்குப் புத்தி வந்திருக்கும் என்கிறீர்களா? பாதிக் கூட்டம் எல்லம்மாளைச் சூழ்ந்துகொண்டது.

"தாயே, உனக்குத்தான் அருள் வந்துகீது. என் மருமகளுக்கு இன்னா பொறக்கும்?"

"பொறந்தப்புறம் வா, சொல்றேன்," என்ற எல்லம்மாள் துளசிங்கத்திடம் திரும்பினாள். "உன் தறியில பாதித் துணி ஜெயம்மா நெய்யறது. பொண்ணு பொறந்தா சோறு போடமாட்டாள்னு எந்த ஓலையில எழுதிகீது? மண்டைய எதுக்கு வச்சிகினு கீற நைனா, தலப்பா கட்டறதுக்கா?"