பஞ்சர் கடை ஆதாரம்

சுங்குவார்சத்திரத்தில் வதந்தியைக் காதில் வாங்காத ஒரே உயிர் ‘ஆதாரம்’தான். சொந்தப் பெயர் யாருக்கும் தெரியாது. பஸ் ஸ்டாப்புக்கு எதிரே பஞ்சர் கடை, வாசலில் ஒரு கரும்பலகை. ஷிப்டுக்கு ஓடுகிற நாங்கள் கம்பெனி பஸ் வருவதற்குள் படித்துவிடத் தினம் நாலு செய்தி எழுதுவார். ஒவ்வொன்றின் கீழும் யார் சொன்னது என்று இருக்கும். ‘மழை பெய்கிறது. ஆதாரம்: நானே நனைந்தேன்.’ வீட்டில் சண்டை நடந்த மறுநாள், ‘சாம்பாரில் உப்பு அதிகம். மறுதரப்பு பேச மறுத்துவிட்டது.’

அந்த வருஷம், தெற்கே என் சொந்த ஊர் ரவுடி ஒருவனைப் போலீஸ் வலைவீசித் தேடியது. ஒரு பத்திரிகைக்கு அவன் அரக்கன், இன்னொன்றுக்கு வள்ளல். ஆதாரம் இரண்டையும் விட்டுவிட்டு, ‘நான்கு வழக்குகளில் தேடப்படுபவர். ஆதாரம்: போலீஸ் நோட்டீஸ்’ என்றெழுதினார். டீ மாஸ்டருக்குப் பொறுக்கவில்லை. முப்பது கொலையாம், ஊரே சொல்கிறதாம்.

“நீ இன்னா, கூட நின்னு எண்ணிக்கினு இருந்தியா?” என்றார் ஆதாரம்.

அடுத்த வாரம் இன்னொரு பேச்சு கிளம்பியது: நான் அந்த ரவுடியின் தம்பி. ஒரே ஊர், ஒரே மாதிரி மீசை, போதாதா? அறையில் கூடத் தங்கியிருந்த இருவர் பாயைச் சுருட்டிக்கொண்டு போனார்கள். வீட்டுக்காரர் ஞாயிற்றுக்கிழமைக்குள் காலிசெய்யச் சொன்னார். என்னை நிரந்தரமாக்கும் தாளில் சூப்பர்வைசர் பேனா வைக்கவில்லை.

ஆதாரத்திடம் ஓடினேன். “தம்பி இல்லன்னு ஒரு வரி எழுதுங்கண்ணே.”

“நீ சொன்னா செல்லாதுபா. நீ சம்பந்தப்பட்ட ஆளு.”

மனசுக்குள் அவரைத் திட்டித் தீர்த்தேன். மறுநாள் கடை பூட்டிக் கிடந்தது. அதற்கு மறுநாளும். சனிக்கிழமை காலையில் கண் சிவந்து, சட்டையெல்லாம் செம்மண்ணாகப் பலகை முன் நின்றார். ‘தேடப்படுபவருக்கு உடன்பிறந்தவர் இல்லை. ஆதாரம்: பெற்ற தாய், ரேஷன் கார்டு நேரில் பார்க்கப்பட்டது.’

ஒற்றை வரிக்காக எங்கள் ஊருக்கே பஸ் ஏறிப் போயிருக்கிறார். அந்தத் தாய் இவரைப் போலீஸ் என்று நினைத்து ஏசிவிட்டு, பிறகு சோறும் போட்டிருக்கிறாள். “ஒருத்தனப் பெத்ததே போதும்னு இருக்கு, இன்னொண்ணு வேறயாய்யா” என்றாளாம். அதை ஏன் எழுதவில்லை என்றேன்.

“அது சேதி இல்லபா. அந்தம்மா அழுகை.”

கூட்டம் படித்தது. சூப்பர்வைசர் இரண்டுமுறை படித்தார். வீட்டுக்காரர், ரேஷன் கார்டிலேயே தம்பி பேர் இல்லையாமே என்று ஏமாற்றத்தோடு போனார்.

எனக்கு ஆசை விடவில்லை. நான் நல்லவன் என்றும் ஒரு வரி சேர்க்கக் கேட்டேன். சாக்பீஸைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டார்.

“அத்த நான் எழுதக் கூடாதுபா. எனக்குத்தான் உன்னப் புடிக்குமே.”