தொண்டைக்குள் கடிகாரம் வைத்திருந்த மாஸ்டர்

திருப்பூரில் எல்லாரும் நேரத்துக்குப் பின்னால் ஓடுகிறவர்கள். நேரத்தைத் தனக்குப் பின்னால் நடக்க வைத்தவர் எனக்குத் தெரிந்து ஒரே ஒருவர்தான். நான் செக்கிங் சூப்பர்வைசராக இருந்த பனியன் கம்பெனியின் கட்டிங் மாஸ்டர். முகத்துக்கு நேரே மாஸ்டர், முதுகுக்குப் பின்னால் ‘கடியாரம்’.

கையில் வாட்ச் கிடையாது. கேட்டால் தொண்டையைத் தொட்டுக் காட்டுவார்.

“என்ற கடியாரம் இதுக்குள்ள ஓடுதுங்க. முள்ளு கெடையாது. சத்தமும் சொல்லுந்தான். நீங்க வெடுக்குன்னு பேசுனா நேரம் ஓடிப்போயிரும். நிறுத்திப் பேசுனா நிக்குமுங்க.”

சொல்லிவிட்டு நாக்கை மடித்து ‘டொக்’ என்று ஒரு சத்தம் கொடுப்பார். ஒரு நொடி முடிந்தது என்று அர்த்தமாம்.

கட்டிங் டேபிள் பக்கம் ‘அர்ஜென்ட்’ என்ற சொல்லுக்குத் தடை. ஒருநாள் முதலாளியே படியிறங்கி வந்து, “மாஸ்டர், ஷிப்மென்ட் அர்ஜென்ட்!” என்று கத்திவிட்டார். மாஸ்டர் கத்தரியைக் கீழே வைத்தார்.

“போச்சுங்க மொதலாளி. அந்த ஒரு வார்த்தையில கால் மணி நேரம் போச்சு.”

முதலாளி தன் வாட்சைப் பார்த்துக்கொண்டார். மறுவாரம் வந்தபோது டேபிள் முன்னால் நின்று சொற்களைப் பொறுக்கினார்: “மாஸ்டர்... அது வந்துங்க... முடிஞ்சா... கொஞ்சம்...”

“இது பரவால்லீங்க” என்றார் மாஸ்டர். அந்த ஒரு வாக்கியம் முடிவதற்குள் நிஜமாகவே ஐந்து நிமிஷம் போனதை யாரும் எடுத்துச் சொல்லவில்லை.

வடக்கே இருந்து ஆட்கள் வேலைக்கு வந்தபோதுதான் கடிகாரத்துக்குச் சிக்கல். பீகார்க்காரர் கிஷன், லோடு ஏற்றுகிறவர், எந்நேரமும் “ஜல்தி, ஜல்தி” என்றபடியே ஓடுவார். சீக்கிரம் என்று பொருள். மாஸ்டர் காதைப் பொத்திக்கொள்வார்.

“ஏனுங்க, அந்தச் சொல்லு என்ற கடியாரத்துல பாதிப் பல்லை ஒடச்சுப்போடுச்சு. இந்தப் பக்கம் ஹிந்தி வேண்டாமுங்க.”

கிஷன் சிரித்துக்கொண்டே இன்னொரு ‘ஜல்தி’ போட்டுவிட்டுப் போவார். நாங்களும் சிரிப்போம். அந்தச் சிரிப்பெல்லாம் ஒரு சித்திரை மாதத்துப் பகலில் நின்றது.

துணிக்கட்டுகளோடு மேலே போன சரக்கு லிஃப்ட், முதல் மாடிக்கும் இரண்டாம் மாடிக்கும் நடுவில் நின்றுவிட்டது. உள்ளே கிஷன் மட்டும். மெயின் ஸ்விட்சை அணைத்தோம். ஆனால் மேலே கம்பிக்கயிறு பிரிந்திருந்தது. அவர் பயந்து துள்ளும் ஒவ்வொரு முறையும் பெட்டி ஒரு விரற்கடை கீழே நழுவியது. மெக்கானிக் பல்லடத்திலிருந்து வர வேண்டும். அதுவரை கிஷன் அசையாமல் இருக்க வேண்டும். அதை அவருக்குப் புரியவைக்க நாங்கள் இருபது பேர் இருபது விதமாகக் கத்தினோம். கத்தக் கத்த அவர் இன்னும் துள்ளினார்.

“ஆரும் பேசாதீங்க!”

மாஸ்டர் கத்திப் பேசி அன்றுதான் கேட்டேன். இரண்டாம் மாடித் தரையில் குப்புறப் படுத்து, கம்பிக் கதவில் முகத்தை வைத்துக் கீழே பார்த்தார். என்னைக் கூப்பிட்டார்.

“கண்ணு, மெதுவாங்கறதுக்கு அவிய பாசையில என்ன?”

“தீரே.”

“தீ...ரே” என்றார் உள்ளே பார்த்து. “கிஷன், தீ...ரே.” கத்தரிப் பிடியால் கம்பியில் ஒரு தட்டு. டொக். நீளமாக ஒரு மூச்சு. மறுபடி டொக். ஏழெட்டுத் தட்டில் கிஷன் உட்கார்ந்துவிட்டார். பெட்டி நின்றது.

மாஸ்டர் தட்டிக்கொண்டே இருந்தார். அவ்வப்போது, “ஏக் மினிட்... தோ மினிட்” என்று நிமிஷக் கணக்கும் சொன்னார். தானே வேண்டாம் என்று சொன்ன பாஷையில் பத்துவரை எப்போதோ காதில் போட்டு வைத்திருக்கிறார்.

“தஸ் மினிட்”, பத்து நிமிஷம், என்றபோது என் வாட்சைப் பார்த்தேன். நாற்பது நிமிஷம் ஆகியிருந்தது. வாயைத் திறந்தேன். மாஸ்டர் பார்த்த பார்வையில் மூடிக்கொண்டேன். கிஷனின் போன் மேலே சார்ஜில் கிடந்தது. அவருக்கு மாஸ்டர் சொன்னதுதான் நேரம்.

பத்தோடு மாஸ்டரின் ஹிந்தி தீர்ந்துவிட்டது. தட்டினார், சொல் வரவில்லை. உள்ளேயிருந்து கம்மிய குரலில் கிஷனே எடுத்துக் கொடுத்தார்: “க்யாரா.”

“க்யாரா மினிட்” என்றார் மாஸ்டர்.

அப்புறம் அப்படியே போனது. இவர் தட்ட, அவர் எண்ணைச் சொல்ல, இவர் அதைத் திருப்பிச் சொல்ல. இவர் தட்டினால்தான் அவர் சொன்னார். ‘பச்சீஸ்’, இருபத்தைந்து, என்று இருவரும் சொல்லி முடித்தபோது மெக்கானிக் ஆட்களோடு படியேறி ஓடி வந்தார். பெட்டியைச் சங்கிலியால் கட்டி நிறுத்தி, கிஷனைக் கையைப் பிடித்து மேலே தூக்கினார்கள்.

கிஷன் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தார். அவர் உள்ளே இருந்தது ஒன்றே முக்கால் மணி நேரம். திரும்பி மாஸ்டரைப் பார்த்தார். அவர் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதார். மாஸ்டர் அவர் முதுகைத் தட்டிக்கொடுத்தார். அந்தத் தட்டிலும் அவசரம் இல்லை.

சாயங்காலம் பேக்கிங் பெட்டிகளுக்கு நடுவே மாஸ்டர் தனியாக உட்கார்ந்திருந்தார். முன்னால் டீ ஆறிக்கொண்டிருந்தது. எடுத்தவர், பாதியில் கீழே வைத்துவிட்டார். டீ சட்டையெல்லாம் சிந்தியிருந்தது.

“மாஸ்டர், உங்களுக்குப் பயமே இல்லீங்களா?”

“ஒவ்வொரு தட்டுக்கும், அடுத்ததுக்குள்ள கயிறு அந்துரும்னுதான் கண்ணு நெனச்சேன்” என்றார்.

ஐந்து வருஷம் அவர் முதுகுக்குப் பின்னால் சிரித்தவன் நான். அந்த டம்ளரை எடுத்து, அவர் குடித்து முடிக்கும்வரை அவர் வாயருகே பிடித்துக்கொண்டிருந்தேன்.