புரோக்கருக்கு இல்லாத அத்தை

ஸ்ரீபெரும்புதூரிலிருந்து ஒரகடம் வரைக்கும் சல்லடை போட்டுத் தேடினாலும் புரோக்கரைப் போல ஒரு புளுகன் கிடைக்கமாட்டான். எங்களோடு பொறியியல் படித்தவன்தான், ஆனால் மாணவன் என்று யாரும் நம்பமாட்டார்கள். வெள்ளைச் சட்டை, பையில் இரண்டு பேனா, கக்கத்தில் ரெக்சின் பை. லேபுக்கும் அதே கோலம்தான். புதிதாக வந்த விரிவுரையாளர் ஒருவர் அவனைக் கண்டதும் பதறி எழுந்து, "சார், உக்காருங்க" என்றார். இவனும் உட்கார்ந்து, "எத்தினி நாளா இங்க கீறீங்க?" என்று விசாரித்துவிட்டுத்தான் வந்தான்.

சொந்த ஊர் பிள்ளைப்பாக்கம். அப்பா நிலத்தரகர், அதனால்தான் இவனுக்குப் புரோக்கர் என்று பட்டப்பெயர். இரண்டாயிரத்து ஏழு, எட்டு வாக்கில் அந்தப் பக்கம் ஆடு மேய்ந்த இடமெல்லாம் கம்பெனியாகிக்கொண்டிருந்தது. சும்மா நின்றால் நிற்கிற இடத்துக்கு விலை பேசுவார்கள். அந்த வீட்டில் வளர்ந்தவனுக்கு உலகமே மனையாகத் தெரிந்ததில் ஆச்சரியமில்லை. நான் பெட்டியோடு விடுதிக்குள் நுழைந்த அன்று ஒரு கட்டிலைக் காட்டி, "வடகிழக்கு மூல, நல்ல காத்தோட்டம், தண்ணி கொழாய் பக்கத்துலயே. வுட்டா போயிடும் மச்சி" என்றான். அதே கட்டிலை அன்று காலையிலேயே வேறு இரண்டு பேருக்கும் முடித்துக் கொடுத்திருந்தான். மாலையில் மூன்று பேரும் ஒரே கட்டிலில் உட்கார்ந்திருந்தோம்.

எனக்குக் கோவில்பட்டி. ஆகவே 'கடலைமிட்டாய்' என்று பெயர் வைத்தார்கள். அப்பா அம்மா வைத்த பெயரை நான்கு வருஷமும் வருகைப் பதிவில் மட்டும்தான் கேட்டேன்.

எங்கள் கல்லூரியில் ஆணும் பெண்ணும் பேசக்கூடாது. தனித்தனி மாடிப்படி, பஸ்ஸில் தனித்தனிப் பக்கம். மீறிப் பேசினால் அப்பாவைக் கூட்டிக்கொண்டு வர வேண்டும். பேச்சுக்குத் தடை போட்டார்களே தவிர கற்பனைக்குப் போட முடியுமா? விடுதியில் ஒரு வழக்கம் முளைத்தது. ஒவ்வொருவனுக்கும் ஓர் 'ஆளு' ஒதுக்கப்படும். அதன்பின் அந்தப் பெண் தூரத்தில் நடந்து போனாலே அவன் பெயரைச் சொல்லி ஊளையிடுவார்கள். ஒதுக்கீடு செய்பவன் யார் என்று சொல்லவும் வேண்டுமா? மெஸ்ஸில் பெஞ்சின்மேல் ஏறி நின்று, மனை விற்கிற குரலில் அறிவிப்பான். இந்த விநியோகம் அந்தப் பெண்களுக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் விடுதியைக் கொளுத்தியிருப்பார்கள், அதுவும் நியாயமாகத்தான் இருந்திருக்கும்.

எனக்கு விழுந்தது சிவில் பிரிவில் ஒரு பெண். எல்லோரும் கத்தினார்கள். நானும் வெட்கப்படுவதுபோல் சிரித்து வைத்தேன். அடுத்த வாரமே புரோக்கர் வந்து, "வெள்ளிக்கிழம சைட் விசிட்" என்றான். சுங்குவார்சத்திரம் பஸ் ஸ்டாப் கல்லூரி எல்லைக்கு வெளியே இருக்கிறதாம், அங்கே பேசினால் சட்டம் செல்லாதாம். அந்தப் பெண் பஸ் ஏற வருவாள், நான் போய்ப் பேச வேண்டும். வேடிக்கை பார்க்க எங்கள் தளமே திரண்டுவிட்டது.

எனக்கு அந்த வாரம் சோறு இறங்கவில்லை. பெண்கள்மேல் எனக்கு அப்படி ஓர் ஆசை வருவதில்லை, ஆண்கள்மேல்தான் வருகிறது என்பது பத்தாம் வகுப்பிலேயே தெரியும். யாரிடமும் சொன்னதில்லை. எங்கள் விடுதியில் ஒரு சீனியர் இன்னொரு பையனுக்கு அனுப்பிய காதல் மெசேஜை எவனோ அவன் செல்போனில் படித்துவிட்டு மெஸ்ஸில் உரக்க வாசித்தான். வார்டன் அந்தச் சீனியரின் அப்பாவை வரவழைத்தார். அப்பா ஒரு வார்த்தை பேசாமல் முன்னால் நடக்க, பையன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு பின்னால் போனான். திரும்பி வரவே இல்லை. அந்தப் பெட்டி என் கண்ணிலேயே நின்றது.

வெள்ளிக்கிழமை சாயங்காலம், டீக்கடைக்குப் பின்பக்கம் புரோக்கரை இழுத்துக்கொண்டு போனேன். ஊர் ரகசியமெல்லாம் விற்கிறவனிடம் போய்ச் சொல்கிறோமே என்று தயக்கமாகத்தான் இருந்தது. ஆனால் நிறுத்தக்கூடியவனும் அவன் ஒருத்தன்தான்.

"ஏலே, அந்தப் புள்ளைட்ட என்னால பேச முடியாது."

"பயமா? நான் பேசித் தர்றேன்."

"பயம் இல்லடே. எனக்குப் பொம்பளப் புள்ளைங்க மேல ஆசையே வராது. பயலுவ மேலதான் வரும்."

புரோக்கர் வாயருகே கொண்டுபோன டீயைக் கீழே இறக்கினான்.

"ஊர்ல யாருக்குத் தெரியும்?"

"ஒருத்தருக்கும் தெரியாது."

"உனுக்கு இதுல டவுட்டு ஒண்ணும் இல்லியே?"

"இல்ல."

"அப்போ முடிஞ்சிச்சு. உன் எடத்துல நான் இன்னாத்துக்குக் கல்லு நடறது?" என்று டீயை ஒரே மடக்கில் குடித்தான். பிறகு முகம் ஒரு மாதிரியாகி, "என் மேல எப்பனா கண்ணு வெச்சியா?" என்றான்.

"சத்தியமா இல்லடே."

"ஏன்டா? எனக்கு இன்னா கொறச்சலு?" என்றான், நிஜமாகவே மனம் நொந்து.

அந்தப் பெண் வந்தாள், பஸ் ஏறினாள், போனாள். கூட்டம் "ஏய்ய்ய்" என்று என்னைப் பார்த்தது. புரோக்கர் கையைத் தூக்கினான்.

"டீல் கேன்சல்! இவனுக்கு எங்க அத்த பொண்ணப் பேசி முடிச்சாச்சு. எங்க வூட்டுப் பொண்ணு. எவனாச்சும் வாயத் தொறந்து கலாய்ச்சான்னு வெச்சிக்கோ, மவனே, பேஜாராயிடும்!"

கூட்டம் மரியாதையாகக் கலைந்தது. எவள் பெயரைச் சொல்லியும் கேலி செய்யலாம். நண்பன் வீட்டுப் பெண்ணை மட்டும் தொடக்கூடாது. விடுதியில் எழுதாத சட்டம் அது ஒன்றுதான். அதிலும் தன் முறைப்பெண்ணையே நண்பனுக்கு விட்டுக்கொடுத்த தியாகி என்று புரோக்கரின் மதிப்பு ஒரே நாளில் உச்சாணிக் கொம்புக்கு ஏறிவிட்டது.

அன்றிலிருந்து அந்த இல்லாத அத்தை பெண் வளரத் தொடங்கினாள். செல்வி என்று பெயர் வந்தது. முதலில் காஞ்சிபுரத்தில் நர்சிங் படித்தாள். பிறகு புரோக்கருக்கே அது மறந்துபோய், போன் கம்பெனியில் ஷிப்டுக்குப் போக ஆரம்பித்தாள். திங்கட்கிழமை தோறும் அவன் வீட்டிலிருந்து ஒரு டப்பா அதிரசம் வரும். "செல்வி குடுத்து வுட்டா" என்று என் மடியில் வைப்பான். பயல்கள் கையைக் கழுவிவிட்டு வந்து, "அண்ணி கை மணமே தனிடா" என்று தின்பார்கள். பரீட்சைக்கு முன்னால் இரண்டு பேர் அண்ணியிடம் ஆசீர்வாதம் வாங்கித் தரச் சொன்னார்கள்.

எல்லாவற்றுக்கும் மேலே அந்த பஸ் விவகாரம். டீக்கடையில் நிற்கும்போது கம்பெனி பஸ் வரும். ஜன்னல் முழுக்க நீலக் கோட்டுப் பெண்கள். அதில் அண்ணி எந்த பஸ்ஸில், எந்த ஜன்னலில் என்று யாருக்குத் தெரியும்? ஆகவே எந்த பஸ் வந்தாலும் எங்கள் ஆட்கள் சிகரெட்டைக் கீழே போட்டு மிதித்து, சட்டையை இழுத்துவிட்டு, விறைப்பாக நின்றார்கள். அங்கே பஸ்ஸுக்கா பஞ்சம்? ஷிப்டு மாறுகிற நேரத்தில் அணிவகுப்பு மரியாதை மாதிரி இருக்கும். புரோக்கர் மட்டும் என் பக்கம் திரும்பி ஒற்றைக் கண்ணைச் சிமிட்டுவான். அந்தப் பொய்யின் நிழலில் நான் நிம்மதியாகத் தூங்கினேன், படித்தேன், அரியரில்லாமல் பாஸானேன்.

மூன்றாம் வருஷம் காணும் பொங்கலுக்குப் புரோக்கரின் அம்மா எங்களைச் சாப்பிடக் கூப்பிட்டார்கள். ஆறு பேர் போனோம். இலை போட்டு, சோறு வைத்து, குழம்பு ஊற்றும்போது ஜெனரேட்டர் வாயைத் திறந்தான். அவன் குறட்டைக்கு நாங்கள் வைத்த பெயர் அது.

"அம்மா, அண்ணியக் காணோமே? செல்வி அண்ணி?"

"எந்த செல்வி?"

"அதாம்மா, புரோக்கரோட அத்த பொண்ணு. திங்கக்கெழம ஆனா அதிரசம் செஞ்சு குடுத்து வுடுவாங்களே."

"அத்த பொண்ணா? எம் மாமியாருக்கு எங்க வூட்டுக்காரரு ஒத்தப் புள்ளடா. கூடப் பொறந்தவளே கெடையாது, பொண்ணு எங்கேர்ந்து வரும்?"

ஐந்து பேரும் புரோக்கரைப் பார்த்தார்கள். அவனுக்கு வேர்த்து ஊற்றியது. "இல்ல... ஒண்ணுவிட்ட அத்த... தாத்தாவுக்குத் திருவள்ளூர்ல..." என்று உளறினான். அம்மா கரண்டியோடு நிமிர்ந்து, "திருவள்ளூர்ல தாத்தாவுக்கு இன்னாடா?" என்றார்கள். செத்துப்போன தாத்தாவின் மானம் காற்றில் பறக்க இருந்தது. எமகாதகப் புளுகன், எனக்காக அவன் அம்மா முன்னாலேயே திணறிக்கொண்டிருந்தான். அதைப் பார்த்துக்கொண்டு என்னால் உட்கார்ந்திருக்க முடியவில்லை.

"செல்வின்னு யாரும் இல்லடே" என்றேன். "எனக்காவ அவன் சொன்ன பொய். எனக்குப் பொம்பளப் புள்ளைங்கள கட்டுற ஆச கெடையாது. ஆம்பளைங்கதான் பிடிக்கும். நான் அப்படித்தான்."

சோற்றில் ஆவி பறந்துகொண்டிருந்தது. மெக்கானிக்கல் பையன் ஒருவன் இலையை மடித்துவிட்டு எழுந்து போனான். அதன்பிறகு கடைசிவரை என்னோடு பேசவில்லை. அது இன்றைக்கும் வலிக்கத்தான் செய்கிறது. பெட்டியைத் தூக்கிக்கொண்டு போன அந்தச் சீனியரைப் போல என்னையும் அனுப்பிவிடுவார்களோ என்று பயந்தேன்.

ஜெனரேட்டர் இலையைத் தள்ளி வைத்தான். பிறகு குரல் தழுதழுக்க, "டேய், ரெண்டு வருசமா ஒவ்வொரு பஸ்ஸுக்கும் முழு சிகரெட்ட கீழ போட்டேனேடா! அதுக்கு யாருடா பதில் சொல்றது?" என்றான்.

முதலில் சிரித்தது அம்மாதான். சிரித்து முடித்து என்னைப் பார்த்தார்கள். எவ்வளவு புரிந்ததோ தெரியாது. "அதுக்கு ஏன்டா எங்க வூட்டுல இல்லாத பொண்ணப் பெத்தீங்க? என் அதிரசத்துக்கு அவளுக்கு இன்னாடா பேரு?" என்றார்கள். அந்தக் கோபம் அவர்களுக்குக் கடைசிவரை தீரவில்லை. ஆனால் திங்கட்கிழமை டப்பாவும் நிற்கவில்லை. என்னை யாரும் பெட்டியைத் தூக்கச் சொல்லவில்லை.

கோவில்பட்டியில் சொன்னது வேறு கதை. அப்பா இப்போதுதான் போனில் "சாப்பிட்டியா" வரைக்கும் வந்திருக்கிறார்.

படிப்பு முடிந்து ஒரகடத்தில் வேலை கிடைத்தது. அங்கேதான் என் மனசுக்குப் பிடித்தவனைச் சந்தித்தேன். மதுரைக்காரன், கம்பெனியில் நான் வேலை பார்த்த உற்பத்தி லைனுக்குப் பக்கத்து லைன். சில வருஷம் கழித்து இருவரும் சேர்ந்து வீடு தேடினோம். பேச்சுலர் ரூம்களில் எட்டுப் பேரோடு வாழ்ந்து அலுத்திருந்தது. ஸ்ரீபெரும்புதூரில் நல்ல வீடு என்றால் குடும்பத்துக்கு மட்டும்தான். புரோக்கரிடம் போனேன். அதே ரெக்சின் பைதான், தொழில் மட்டும் இப்போது நிஜமாகிவிட்டது.

மாடி வீடு ஒன்றைக் காட்டினான். வீட்டுக்காரர் எங்கள் இருவரையும் மேலும் கீழும் பார்த்து, "பேச்சுலருக்குக் குடுக்கறதில்லப்பா. ஃபேமிலிக்குத்தான்" என்றார்.

"ஃபேமிலிதாங்க" என்றான் புரோக்கர், கண்ணைக்கூடச் சிமிட்டாமல். "எங்க அத்த வூடு. ரெண்டு பேருமே எங்க வூட்டுப் புள்ளைங்க. எதுனா ஒண்ணுன்னா என்னக் கேளுங்க."

சாவி கைக்கு வந்தது. புரோக்கரின் அப்பாவுக்குக் கூடப்பிறந்தவள் கிடையாது. ஆனாலும் அந்த அத்தை வீட்டில்தான் நாங்கள் இருவரும் குடியிருக்கிறோம்.