பீலிச் சண்டையின் சமூகப் பயன்

மனிதர்கள் ஏன் கூட்டமாக வாழ்கிறார்கள் என்ற கேள்வி, பொகவந்தலாவைக்கு மேலே இருக்கும் நரிமலைத் தேயிலைத் தோட்டத்தில் நெடுங்காலம் எழவேயில்லை. வேறு போக்கிடம் இல்லாததால் வாழ்கிறோம் என்றே நாங்கள் எண்ணிக்கொண்டிருந்தோம். அது அறியாமை என்பதை அறுபதாம் வருடம் டாக்டர் கணேசமூர்த்தி வந்துதான் எடுத்துச் சொன்னார்.

டாக்டர் என்றதும் முதல் நாள் பாதித் தோட்டம் இருமிக்கொண்டு வரிசையில் நின்றுவிட்டது. தாம் மருந்து கொடுக்கிற டாக்டர் அல்ல, சீமையில் சமூகவியல் படித்துப் பட்டம் வாங்கிய டாக்டர் என்று அவர் விளக்கினார். சமூகத்துக்கு என்ன நோய் என்று கங்காணி வீரய்யா கவலையோடு விசாரித்தார். நோய் எதுவும் இல்லை, சமூகத்தில் எது இருந்தாலும் ஏதோ ஒரு பயன் கருதித்தான் இருக்கிறது, அந்தப் பயனைக் கண்டுபிடிப்பதே தம் வேலை என்றார் டாக்டர். இருமியவர்கள் கலைந்து போனார்கள்.

அவரை அனுப்பியது கொழும்பில் ஏதோ ஒரு திணைக்களம். நாங்கள் இந்த நாட்டுப் பிரஜைகள் இல்லை என்று அரசாங்கம் ஏற்கெனவே சட்டம் போட்டிருந்தது. ஆனால் நாங்கள் ஒரு சமூகம் என்பதை அது மறுக்கவில்லை. ஆகவே எங்களை ஆராய்வதில் சட்டச் சிக்கல் எதுவும் இல்லை.

ஆராய வேண்டிய விஷயம் பீலி. மலை ஊற்றுத் தண்ணீர் விழுகிற குழாயை நாங்கள் பீலி என்போம், நாங்கள் குடியிருக்கும் வரிசை வீடுகளை லயம் என்போம். மேட்டு லயத்துக்கும் அதற்குக் கீழே இருக்கும் பணிய லயத்துக்கும் சேர்த்து ஒரே பீலிதான் இருந்தது. விடியும்போதே இரண்டு லயத்துப் பெண்களும் குடத்தோடு அங்கே கூடுவார்கள், சண்டை தொடங்கும். அது முடிந்து, பெயர் கூப்பிட்டு வேலை பிரிக்கிற பெரட்டுக் களத்துக்கு ஓடினால், பிந்தி வந்தவர்களுக்கு இன்றைக்கு வேலை இல்லை என்று தோட்ட உத்தியோகத்தர் கண்டாக்கையா திருப்பி அனுப்பிவிடுவார். அப்படி அடிக்கடி திரும்பியவள் பணிய லயத்து ராக்காயி. கைக்குழந்தைக்காரி. தண்ணீர் பிடித்து, பிள்ளையை, தாய்மார் வேலைக்குப் போகையில் பார்த்துக்கொள்கிற பிள்ளைக் காம்பராவில் விட்டு, மேடேறி வருவதற்குள் பெயர் கூப்பிட்டு முடிந்திருக்கும். அவள் வீட்டில் அடுப்பு எரியாத நாட்களும் இருந்தன. இன்னொரு பீலி வேண்டுமென்று நாங்கள் கேட்டுக் கேட்டு, கடைசியில் குழாய்கூட வந்து ஸ்டோரில் கிடந்தது. டாக்டர் சரியென்று ஒரு வார்த்தை சொன்னால் பொருத்திவிடுவதாகத் தோட்டத்தை நிர்வகிக்கும் துரை வாக்குக் கொடுத்திருந்தார்.

டாக்டர் மறுநாள் காலை கம்பளித் தொப்பி போட்டுக்கொண்டு பீலிக்கு எதிரே ஒரு ஸ்டூலில் உட்கார்ந்தார். அன்றைக்குச் சண்டை மேட்டு லயத்து அம்மாக்கண்ணுவுக்கும் ராக்காயிக்கும். அம்மாக்கண்ணு, ராக்காயியின் பிள்ளையைத் தன் இடுப்பில் வைத்துக்கொண்டே ராக்காயியின் பரம்பரையை ஏசினாள். நீட்டிப் பேசக் கை இரண்டும் வேண்டியிருந்ததால் பிள்ளையை அவளிடம் கொடுத்தவளே ராக்காயிதான். பிள்ளை நன்றாகத் தூங்கியது. டாக்டருக்குக் கண் கலங்கிவிட்டது.

அவர் கண்டுபிடித்ததைக் கண்டாக்கையா அடுத்த நாள் பெரட்டில் நின்று அறிவித்தார். பீலிச் சண்டை என்பது சண்டை அல்ல. அது ஒரு சமூக ஏற்பாடு. மனக்கசப்பு அதன் வழியாக வெளியேறுவதால்தான் தோட்டத்தில் ஒற்றுமை நிலைத்திருக்கிறது. இன்னொரு பீலி வந்தால் சண்டை ஒழியும். சண்டை ஒழிந்தால் ஒற்றுமை ஒழியும். ஒற்றுமை ஒழிந்தால் கொழுந்து குறையும். ஆகவே தொழிலாளர் நலனை முன்னிட்டு அவர்களுக்குத் தண்ணீர் கொடுக்காமல் இருக்கத் துரை பெருமனதுடன் இணங்கியுள்ளார். குழாய், பங்களா ரோஜாப் பாத்திக்குப் போயிற்று. ரோஜாக்களுக்கிடையே கெடுவதற்கு ஒற்றுமை எதுவும் இல்லை என்று டாக்டரும் உறுதி சொன்னாராம்.

சண்டை இருப்பதால்தானே பீலி இல்லை என்கிறார்கள், சண்டையை நிறுத்திவிடுவோம் என்று அம்மாக்கண்ணு யோசனை சொன்னாள். மறுநாள் பீலிக்கரை கல்யாண வீடு மாதிரி இருந்தது. நீ முதலில் பிடி தாயி என்று ஒருத்தி. இல்லை அக்கா நீங்கள் பிடியுங்கள் என்று இன்னொருத்தி. ஒருவரையொருவர் உபசரித்து முடிவதற்குள் குடம் நிறையாமலே பெரட்டு முடிந்துவிட்டது. அன்று எல்லோருமே திரும்பி வந்தார்கள்.

டாக்டர் ஸ்டூலிலிருந்து கலவரத்தோடு எழுந்தார். வெளியே வராத சண்டைதான் அமைதி என்று அவர் படித்திருந்தார். தோட்டம் வெடிக்கப்போகிறது என்று துரையிடம் ஓடினார். துரை நடுங்கிப்போய் ஓர் உத்தரவு போட்டார்: தோட்டத்தின் ஒற்றுமைக்காகச் சண்டை பிடிப்பவர்கள் பெரட்டுக்குப் பிந்தி வரலாம், அவர்களைத் திருப்பி அனுப்பக் கூடாது. மேற்பார்வைக்கு வீரய்யா நியமிக்கப்பட்டார். சண்டை போதாத இடத்தில் அவர் ஒரு வார்த்தை எடுத்துக் கொடுக்க வேண்டும்.

அதன்பிறகு நரிமலையில் நிலவிய ஒற்றுமையைச் சொல்லி முடியாது. தூங்கிப் பிந்தியவர்களும் சண்டையில் பிந்தினோம் என்றார்கள். தொண்டை கட்டியவர்களுக்கு வீரய்யா சுக்குத் தண்ணீர் கொடுத்தார். தனிக்கட்டையான கந்தப்பன் கண்ணாடியைப் பார்த்துத் தன்னோடு தானே சண்டை பிடித்ததாகச் சொன்னபோது கண்டாக்கையா சந்தேகப்பட்டார். அது உள்முரண்பாடு, செல்லும் என்று டாக்டர் தீர்ப்புக் கொடுத்தார்.

விஷயம் துரைமார் கிளப்புக்கு எட்டியது. அங்கே கணவன் மனைவி சண்டையில்லாமல் வந்து போவது நாகரிகக் குறைவாயிற்று. திம்புள்ளப் பக்கத்திலிருந்து துரைசாணிமார் காரில் வந்து, பிளாஸ்க்கில் தேத்தண்ணி குடித்துக்கொண்டு எங்கள் சண்டையைப் பார்த்தார்கள். நோட்டன் பிரிட்ஜ் பக்கம் ஒரு துரை தன் தோட்டத்தில் இரண்டு பீலி இருப்பதற்கு வெட்கப்பட்டு ஒன்றைக் கழற்றிவிட்டாராம்.

எல்லாம் சரி, தண்ணீர் மட்டும் இல்லை. சண்டை நீள நீளக் குடம் நிறைவது குறைந்தது. ராக்காயிக்கு இப்போது வேலை கிடைத்தது, ஆனால் பிள்ளையைக் குளிப்பாட்டத் தண்ணீர் கிடைக்கவில்லை. அதற்குச் சொறி பிடித்தது. அதைப் பார்த்துவிட்டு அம்மாக்கண்ணு நேரே டாக்டரிடம் போனாள்.

"ஐயா, சண்டை சலிச்சுப் போச்சுங்க," என்றாள். "ஒரே பீலி, ஒரே ஏச்சு. ரெண்டு பீலி இருந்தா மேட்டு லயத்துக்காரி வேற, பணிய லயத்துக்காரி வேறன்னு ஆயிரும். அப்புறம் பாருங்க சண்டைய."

டாக்டர் நோட்டுப் புத்தகத்தை எடுத்தார். "நீங்கள் சொல்வது குழு வேறுபாட்டுக் கொள்கை," என்றார்.

"ஆமாங்க," என்றாள் அம்மாக்கண்ணு. "அதேதாங்க."

அந்த வாரமே குழாயை ரோஜாப் பாத்தியிலிருந்து தோண்டியெடுத்துப் பணிய லயத்தில் பொருத்தினார்கள். துரை நாடா வெட்டினார். டாக்டர் புத்தகம் எழுதக் கொழும்புக்குப் போனார். அவர் கார் மறைந்ததும் நாங்கள் வயிறு வலிக்கச் சிரித்தோம். ராக்காயி நேரத்தோடு பெரட்டுக்குப் போனாள். பிள்ளையின் சொறியும் ஆறியது.

சண்டை அன்றோடு நின்றது. சண்டை பிடிக்க யாரும் யாரையும் பார்க்கவில்லை. ராக்காயியின் பிள்ளையைத் தூக்க அம்மாக்கண்ணுவுக்கு வாய்ப்பே வரவில்லை. கொஞ்ச நாளில் மலையில் எதிர்ப்பட்டால் இருவரும் தேயிலையைப் பார்த்தார்கள். மேட்டு லயத்து அழுக்குத் தண்ணீர் வேண்டுமென்றே கீழே விடப்படுகிறது என்று பணிய லயத்தில் பேச்சு வந்தது. மாரியம்மன் திருவிழாவுக்கு இரண்டு கரகம் எடுத்தார்கள். பேசி முடித்திருந்த ஒரு கல்யாணம் நின்றுபோயிற்று. பீலி மாறிப் பெண் கொடுக்கிற வழக்கம் எந்தக் காலத்திலும் இருந்ததில்லை என்று பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள். அப்போது பணிய லயத்துப் பீலிக்கு ஒரு வயதுகூட ஆகவில்லை.

மறுவருடம் டாக்டர் வந்து இதையெல்லாம் பார்த்தார். தம் முதல் கொள்கையே சரி என்பதில் அவருக்கு மகிழ்ச்சி தாங்கவில்லை. ஆற அமர யோசித்தால் சரிதான் என்று எங்களுக்கே பட்டது. ஆனால் அவர், சமூகத்தை மீட்பதற்காக ஒரு பீலியை அடைத்துவிட வேண்டும் என்று ஸ்பேனரோடு ஆள் கூட்டிக்கொண்டு வந்தார்.

இரண்டு லயமும் திரண்டு வந்து பணிய லயத்துப் பீலியை மறித்து நின்றது. அம்மாக்கண்ணுவும் ராக்காயியும் தோளோடு தோள் உரச நின்றார்கள்.

"நாங்க ஒத்துமையா இருக்கணுங்கிறதுக்காக எம்புள்ள தண்ணி இல்லாம கெடக்காதுங்க," என்றாள் ராக்காயி.

பின்னாலிருந்து யாரோ ஒரு குடம் தண்ணீரை டாக்டரின் தலையில் கவிழ்த்தார்கள். அவர் கோபிக்கவில்லை. சொட்டச் சொட்ட நின்றபடி, பொது எதிரி தோன்றும்போது சமூகம் ஒன்றுபடுகிறது என்று தமக்குத்தாமே சொல்லிக்கொண்டு, மூன்றாவது கொள்கையோடு காரில் ஏறிப் போனார்.

கார் போனதும் இரண்டு லயமும் கட்டிப்பிடித்துக்கொண்டது. அம்மாக்கண்ணு ராக்காயிக்கு வெற்றிலை மடித்துக் கொடுத்தாள். அது வாயில் சிவப்பதற்குள், டாக்டரின் தலையில் கவிழ்ந்தது எந்தப் பீலித் தண்ணீர் என்ற பேச்சு வந்தது. எங்கள் தண்ணீர் என்றாள் ராக்காயி. வெற்றிலையைத் துப்பச் சொன்னாள் அம்மாக்கண்ணு. அவர்கள் இன்றுவரை பேசுவதில்லை.

கொள்கையெல்லாம் பெரிய இடத்துப் பைத்தியம், அதில் நமக்கு நம்பிக்கை இல்லை. ஆனால் அன்று கவிழ்ந்தது மேட்டு லயத்துத் தண்ணீர்தான். நான் மேட்டு லயத்தில் பிறந்தவன் என்பதால் இப்படிச் சொல்வதாக நினைக்க வேண்டாம். பாரபட்சமாகப் பேசுகிற குணமெல்லாம் பணிய லயத்துத் தண்ணீர் குடிக்கிறவர்களுக்குத்தான் உண்டு.