காலங்கழற்றல் யோகமும் காலை விமானமும்

காத்திருக்கத் தெரியாதவன் யாரை வேண்டுமானாலும் கல்யாணம் செய்துகொள்ளலாம், குவைத்தில் வேலை பார்க்கும் நர்ஸை மட்டும் செய்துகொள்ளக் கூடாது. நான் செய்துகொண்டேன்.

கீரிப்பாறை ரப்பர் தோட்டத்தில் பால் எடை போடும் வேலை எனக்கு. மனைவி ஸ்டெல்லா இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை நாற்பது நாள் லீவில் வருவாள். மீதி நாளெல்லாம் குவார்ட்டர்ஸில் நானும் சுவரில் இரண்டு கடிகாரங்களும்தான். ஒன்று நம்மூர் நேரம். இன்னொன்று குவைத் நேரம், இரண்டரை மணி பின்னால். அவள் டியூட்டி முடியும் நேரம் பார்த்துத்தான் நான் சோறு வடிப்பேன். அவளுடைய கடிகாரத்தைப் பார்த்தபடி தனியாகச் சாப்பிடுவேன். (இதற்குப் பெயர் குடும்பம் என்று ரேஷன் கார்டில் போட்டிருக்கிறார்கள்.)

அந்தத் தடவை அவள் வர ஒரு மாதம் இருந்தது. முந்தைய லீவில் நான் ஒரு பாவம் செய்திருந்தேன். "நீங்க ஒண்ணும் வரண்டாம், அலைச்சலு" என்று அவள் போனில் சொன்னதை நம்பி விமான நிலையத்துக்குப் போகாமல் இருந்துவிட்டேன். மற்ற நர்ஸுகளுக்கெல்லாம் வண்டி நிறைய ஆள் வந்திருக்க, இவள் மட்டும் தனியாகப் பெட்டியைத் தள்ளிக்கொண்டு வந்தாளாம். இரண்டு வருஷமாகியும் அது அவளுக்கு ஆறவில்லை. "இந்தத் தடவ வெளிய வரும்பம் நீ மொதல்ல பாக்கது என் மூஞ்சியாத்தான் இருக்கும்" என்று சத்தியம் செய்தேன். செய்துவிட்டேனே தவிர, வெப்ராளம் தாங்கவில்லை. (பரபரப்பும் பயமும் சேர்ந்து ஆளை அலைக்கழிப்பதற்கு எங்கள் ஊரில் அப்படிச் சொல்வோம்.) நாள் நகர மறுத்தது.

அப்போதுதான் திற்பரப்பில் ஒருவர் காலங்கழற்றல் யோகம் சொல்லித் தருவதாகக் கேள்விப்பட்டேன். மனசைக் காலத்திலிருந்து கழற்றிவிட்டால் காத்திருப்பு என்பதே கிடையாதாம். ஆசான், பேருந்து நிலையத்தில் டைம் கீப்பராக இருந்து ஓய்வு பெற்றவர். வகுப்பு சரியாக ஒன்பது மணிக்கு. ஒரு நிமிஷம் பிந்தினாலும் கதவைச் சாத்திவிடுவார். (அப்போதே எனக்குப் புத்தி வந்திருக்க வேண்டும்.)

வீட்டுக் கடிகாரங்களின் பேட்டரியைக் கழற்றிவிட வேண்டும், பயிற்சியின்போது போனை அணைத்து அரிசிப் பானைக்குள் புதைக்க வேண்டும், 'எப்போது', 'நாளைக்கு' போன்ற சொற்களை வாயில் எடுக்கவே கூடாது என்றார். கடைசியாக ஓர் எச்சரிக்கை: "காலம் லேசுல விடாது. வீடு தேடி வந்து கதவத் தட்டும். தொறந்திராதியும், கேட்டீரா?"

நான் முழு மூச்சாக இறங்கினேன். லீவு கேட்கப் போனபோது மேனேஜர், "என்னைக்கு வேணும்?" என்றார்.

"என்னைக்குன்னு ஒண்ணு கெடையாது சார்."

"அப்பம் லீவும் கெடையாது, போவும்."

அவசரமாகக் காலத்துக்குள் திரும்பி வந்து தேதியைச் சொன்னேன்.

அந்த நாளும் வந்தது. விமானம் பத்து மணிக்குத் திருவனந்தபுரத்தில் இறங்கும். பக்கத்து வீட்டு வின்சென்ட் ஆறு மணிக்குக் காரோடு வருவதாகச் சொல்லியிருந்தான். நான் விடியுமுன்பே குளித்து, இஸ்திரி போட்ட சட்டையை மாட்டிக்கொண்டு தயாராகிவிட்டேன். இருப்புக்கொள்ளவில்லை. வின்சென்ட் வரும்வரை கொஞ்சம் கழற்றலாமே என்று போனைப் பானைக்குள் வைத்துவிட்டுக் கண்ணை மூடினேன்.

சும்மா சொல்லக் கூடாது, அன்றைக்கு அபாரமாகக் கழன்றது. எங்கோ ஹார்ன் அடித்தது. பிறகு கதவு தட்டும் சத்தம். "அண்ணே, நேரமாச்சு! நேரமாச்சு, கேட்டியளா!" எனக்குப் புல்லரித்துவிட்டது. காலமே நேரில் வந்து, தன் பெயரைச் சொல்லிக் கதவைத் தட்டுகிறது! ஆசான் வாக்கு அப்படியே பலிக்கிறது! கண்ணை இன்னும் இறுக்கிக்கொண்டேன். சத்தம் ஓய்ந்தது. ஜெயித்துவிட்டேன் என்று புன்னகைத்தது வரை ஞாபகம் இருக்கிறது. அதற்கப்புறம் நடந்தது தியானமா உறக்கமா என்பதில் குடும்பத்தில் இன்றும் கருத்து வேறுபாடு உண்டு. (நான் பஸ்ஸில் முந்திப் போயிருப்பேன் என்று நினைத்து வின்சென்ட் தன் வேலையைப் பார்க்கப் போய்விட்டான்.)

கண் விழித்து ஜன்னல் வழியே பார்த்தால், பால் வெட்டும் தொழிலாளர்கள் வாளியோடு எடைக் கொட்டகைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். உச்சி நெருங்காமல் அவர்கள் அந்தப் பக்கம் வரமாட்டார்கள். அரிசியைக் கிளறிப் போனை எடுத்து ஆன் செய்தேன். ஸ்டெல்லாவின் செய்திகள் ஒவ்வொன்றாக வந்து விழுந்தன.

"எறங்கியாச்சு."

"பெட்டி கிட்டியாச்சு."

"வெளிய நிக்கேன்."

"எங்க நிக்கிய?"

"எல்லாரும் போயாச்சு."

அந்தக் கடைசிச் செய்தியை இன்று வரை நான் அழிக்கவில்லை. அழித்தாலும் போகாது.

திருப்பி அழைத்தேன், லைன் கிடைக்கவில்லை. மூன்று மணிக்கு மேல் வாடகைக் காரில் வந்து இறங்கினாள். திட்டுவாள் என்று எதிர்பார்த்து நின்றேன். கசங்கிய சட்டையோடு நிற்கும் என்னையும், சுவரில் செத்துக் கிடக்கும் கடிகாரங்களையும் மாறி மாறிப் பார்த்தாள். ஒன்று விடாமல் சொன்னேன். கட்டிலில் விழுந்து வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். சிரித்து ஓய்ந்த பிறகு மெதுவாகக் கேட்டாள்: "நான் அங்க ஒவ்வொரு நாளா எண்ணிக்கிட்டு கெடந்தேன். நீங்க இங்க நாளே வேண்டாம்னா இருந்திய?"

நான் பேட்டரிகளைத் தேடி எடுத்து இரண்டு கடிகாரங்களிலும் போட்டேன். அந்த நாற்பது நாள் மட்டும் யாரும் கழற்றாமலே கழன்று போயிற்று.

இப்போதெல்லாம் அவள் வருகிறாள் என்றால் அங்கே விமானம் கிளம்புமுன்பே இங்கே நான் விமான நிலையத்தில் இருப்பேன். ஆனாலும் அந்தக் கதை என்னை விடவில்லை. ஒவ்வொரு முறை வழியனுப்பப் போகும்போதும், உள்ளே நுழையுமுன் ஸ்டெல்லா எல்லார் முன்னாலும் அதை ஆரம்பிப்பாள்.

"அந்த யோகத்த நான் போற அன்னைக்கில்லா செய்திருக்கணும்? ரெண்டு பேருமா வீட்லயே இருந்திருக்கலாம்."

கூட வந்த அவளுடைய தங்கைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். நானும் சிரித்துவைப்பேன். அவள் மட்டும் சிரிக்காமல் பெட்டியைத் தள்ளிக்கொண்டு உள்ளே போவாள்.